புகையின் பின்னே ஏழு நாள்

நாள் 1: சியாட்டில்

விடிந்ததிலிருந்து தூறல் நிற்கவில்லை. பஸ் ஏறி வாலிங்ஃபோர்டு பகுதிக்குப் போனேன். 45-ஆம் தெருவில் இறங்கியதும் ஆர்ச்சி மெக்ஃபீ கடை கண்ணில் பட்டது. வேடிக்கைப் பொருள்களுக்கென்றே 1980களிலிருந்து நடக்கும் கடை. உள்ளே ரப்பர் கோழிகளுக்குத் தனியாக ஓர் அருங்காட்சியகமே இருக்கிறது. நான் தேடிப் போனது பேக்கன்.

பேக்கன் என்பது பன்றியின் வயிற்றுப் பகுதி இறைச்சி. உப்பும் சர்க்கரையும் தடவி ஊறவைத்து, விறகுப் புகை காட்டி, மெல்லிய பட்டைகளாக அரிந்தது. அமெரிக்காவில் இதுதான் பேக்கன். இங்கிலாந்தில் பெரும்பாலும் முதுகுப் பகுதி இறைச்சியை அப்படி அழைப்பார்கள். எங்கள் அப்பத்தா ஆட்டுக்கறியை உப்புக்கண்டம் போட்டுக் கொடியில் தொங்கவிடுவார். கெட்டுப்போகிற ஒன்றை உப்பால் கட்டிப்போடும் அறிவு இரண்டுக்கும் பொது. அதனால்தானோ என்னவோ, இந்த இறைச்சியை நான் ஒருபோதும் அந்நியமாக நினைத்ததில்லை.

கடையில் ஒரு சிறிய தகரப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். காயத்துக்கு ஒட்டுகிற பிளாஸ்திரிகள். ஒவ்வொன்றும் பேக்கன் பட்டையைப் போல ஓரம் நெளிந்து, சிவப்பும் வெள்ளையுமாக வரி ஓடுகிறது. கொழுப்புக்கும் சதைக்கும் நடுவே வருகிற அந்த இளஞ்சிவப்புக் கோட்டைக்கூட விடாமல் அச்சிட்டிருக்கிறார்கள். வரைந்தவர் உண்மையான பட்டையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்த்திருக்க வேண்டும். அருகிலேயே பேக்கன் சுவையில் பல்லிடுக்கைச் சுத்தம் செய்யும் நூலும் இருந்தது. முகர்ந்தேன். புகை வாசனை இருந்தது, இறைச்சி இல்லை.

இந்த ஊரில்தான் 2007-இல் ஜஸ்டின் எஷ், டேவ் லெஃப்கோ என்ற இரண்டு நண்பர்கள் 'பேக்கன் சால்ட்' என்ற உப்பை விற்பனைக்குக் கொண்டுவந்தார்கள். அதற்கான முதலீடும் விசித்திரமான வழியில் வந்தது. மகன் அடித்த பந்து தகப்பன் முகத்தில் பட்ட வீட்டு வீடியோ ஒன்றைத் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு அனுப்பி லெஃப்கோ 5,000 டாலர் பரிசு வாங்கியிருந்தார். அந்தப் பணம். 'எல்லாமே பேக்கன் சுவையில் இருக்க வேண்டும்' என்பது அவர்களுடைய முழக்கம். அடுத்து பேக்கன் சுவை மயோனைஸ் வந்தது, கடித உறையின் பசையில் பேக்கன் சுவை வந்தது, உதட்டுக்குப் பூசுவது வந்தது. கடைசியில் பேக்கன் பட்டையின் நிறம் தீட்டிய உலோகச் சவப்பெட்டியையும் சுமார் 3,000 டாலருக்கு அறிவித்தார்கள்.

என்னை நிறுத்திவைத்த செய்தி இது: பேக்கன் சால்ட்டில் பன்றியே இல்லை. சைவர்கள் சாப்பிடலாம், யூத உணவு விதிகளின்படி கோஷர் சான்றும் அதற்கு உண்டு. பன்றியைத் தொடாதவர் பன்றியின் சுவையைத் தொட்டுக்கொள்ளலாம்.

ஓர் இறைச்சியின் மணம் அந்த இறைச்சியை விட்டுப் பிரிந்து, சோப்பிலும் பிளாஸ்திரியிலும் சவப்பெட்டியிலும் எப்படிக் குடியேறியது? இந்தக் கேள்வியோடுதான் புறப்பட்டிருக்கிறேன். ஏழு நாள் இருக்கிறது. மணத்தில் தொடங்கி, பன்றி வழியாக, உப்பு வரைக்கும் பின்னோக்கிப் போகப் போகிறேன்.

நாள் 2: போர்ட்லாந்து

சியாட்டிலிலிருந்து ரயிலில் மூன்றரை மணி நேரம். வழி நெடுக இடது பக்கம் காடு, வலது பக்கம் சில இடங்களில் கடல்நீர். இறங்கி நடந்தே பழைய நகரப் பகுதிக்குப் போனேன். மூன்றாம் அவென்யூவில் வூடூ டோநட் கடை. 2003-இல் தொடங்கியது. வெளியே இருபது பேர் வரிசையில் நின்றார்கள். வெளியே வருகிற ஒவ்வொருவர் கையிலும் இளஞ்சிவப்புப் பெட்டி.

எதிலும் பேக்கனைச் சேர்க்கும் அமெரிக்க மோகத்தின் தொடக்க காலப் பலகாரங்களில் ஒன்று இவர்களுடைய பேக்கன் மேப்பிள் பார். செங்கல் வடிவில், ஈஸ்ட் போட்டு உப்பவைத்துப் பொரித்த மாவு. மேலே மேப்பிள் பாகு கலந்த பழுப்புச் சர்க்கரைப் பூச்சு. அதன்மேல் இரண்டு பேக்கன் பட்டைகள், நீளவாக்கில். அவ்வளவுதான். படத்தில் பார்த்தபோது எனக்கு இதில் மரியாதை இல்லை. சாப்பிட்ட பிறகு வந்துவிட்டது.

முதல் கடியில் பல்லுக்கு நொறுங்குவது பேக்கன். அதற்குப் பிறகுதான் மாவின் மென்மை. சர்க்கரைப் பூச்சு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டு திகட்டப் போகிற நேரத்தில் உப்பு வந்து அதை அறுக்கிறது. அதிரசத்துக்கு மாவு பிசையும்போது ஒரு சிட்டிகை உப்பு போடுகிற வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. அது மட்டுமா, மேப்பிள் பாகும் விறகுத் தீயில் காய்ச்சிய மரச்சாறுதானே. புகைக்கும் அதற்கும் பழைய உறவு.

பேக்கனின் மணம் இவ்வளவு பிடித்து இழுப்பதற்குக் காரணம் அது ஒரே மணம் அல்ல என்பதுதான். சூடான சட்டியில் இறைச்சியின் அமினோ அமிலங்களும் சர்க்கரையும் சேர்ந்து பழுப்பாகின்றன. பிரெஞ்சு வேதியியலாளர் மேயார் 1912-இல் விவரித்த வினை இது. தோசையின் ஓரம் முறுகும்போது வருகிற மணமும் இதே குடும்பம். அதோடு கொழுப்பு உருகி உடைந்து தருகிற மணம் ஒன்று. விறகுப் புகையில் உள்ள ஃபீனால் என்ற வேதிப்பொருள்கள் தருவது இன்னொன்று. பதப்படுத்தப் போட்ட நைட்ரைட் தருவது மற்றொன்று. நான்கும் ஒரே நேரத்தில் எழுகின்றன. அப்போது அறையில் இருப்பவர் திரும்பிப் பார்க்காமல் இருக்க முடியாது.

இந்த மாநிலத்தின் கடற்கரையில் நியூபோர்ட் என்ற ஊர் இருக்கிறது. அங்குள்ள ஓரகன் மாநிலப் பல்கலைக்கழக ஆய்வு மையத்தில் கிறிஸ் லாங்டன் என்ற ஆய்வாளர் அபலோனி என்ற கடல் நத்தைக்குத் தீவனமாக டல்ஸ் என்ற சிவப்புக் கடற்பாசியை வளர்த்தார். அதைப் பொரித்தால் பேக்கன் சுவை வருகிறது என்று 2015-இல் பல்கலைக்கழகம் அறிவித்தது. உலகம் முழுக்கப் பத்திரிகைகள் ஓடி வந்தன. ஒரு கடற்பாசிக்கு அதன் சொந்தச் சுவைக்காகக் கிடைக்காத கவனம், இன்னொன்றைப் போல இருப்பதற்காகக் கிடைத்தது. எனக்கு அந்தப் பாசிக்காக வருத்தமாக இருக்கிறது. அது நல்ல உணவு. ஐரோப்பாவின் வடக்குக் கரைகளில் நூற்றாண்டுகளாக அதை அதன் பெயரிலேயே தின்கிறார்கள்.

நாள் 3: விமானத்தில்

சிகாகோவுக்கு நான்கு மணி நேரம். எழுத அதிகம் இல்லை. குறிப்பேட்டில் சேர்த்து வைத்திருந்த சிலவற்றை மட்டும் இங்கே பதிகிறேன்.

டெட்ராய்ட் நகரில் நான்கு வயதுப் பெண் குழந்தை ஒன்றுக்கு மூக்கில் ரத்தம் வடிவது நிற்கவில்லை. கிளான்ஸ்மன் குறைபாடு என்ற அரிய பரம்பரை நோய். ரத்தத் தட்டணுக்கள் ஒன்றோடொன்று ஒட்டாது. எல்லாச் சிகிச்சையும் தோற்ற பிறகு, உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சிப் பட்டையை மூக்குத் துளையில் வைத்து அடைத்தார்கள். ரத்தம் நின்றது. சோனல் சரையா உள்ளிட்ட மருத்துவர்கள் 2011-இல் இதை மருத்துவ இதழில் எழுதினார்கள். 2014-இல் இக் நோபல் பரிசு கிடைத்தது. சிரிக்க வைத்துப் பிறகு சிந்திக்க வைக்கும் ஆய்வுகளுக்கான பரிசு அது. நான் அந்தக் குழந்தையின் தாயை நினைத்துக்கொண்டேன். மருத்துவமனையில் இரவு முழுதும் பஞ்சு பஞ்சாக நனைவதைப் பார்த்துக்கொண்டிருந்தவளுக்கு இதில் சிரிப்பதற்கு எதுவும் இருந்திருக்காது.

தோலுக்குள் ஈயின் புழு புகுந்துவிட்டால், அந்தத் துளையின்மேல் பேக்கன் கொழுப்பை வைத்து மூடிப் புழுவை வெளியே வரவழைத்ததாக 1993-இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் ஒரு கட்டுரை வந்திருக்கிறது. புழுவுக்கு மூச்சு விடக் காற்று வேண்டும். அதைத் தேடி மேலே ஏறி வந்துவிடும்.

தியோடர் கிரே என்ற அறிவியல் எழுத்தாளர் 2009-இல் உப்பிட்ட பன்றி இறைச்சியைக் குழாயாகச் சுருட்டி, சுத்தமான ஆக்சிஜனைச் செலுத்திக் கொளுத்தி, எஃகுத் தகட்டை அறுத்துக் காட்டினார். இதைப் பார்த்தால் அந்தப் பட்டையில் எவ்வளவு ஆற்றல் அடைந்து கிடக்கிறது என்று புரியும். சோற்றுக்கும் எரிபொருளுக்கும் நடுவே பெரிய சுவர் ஒன்றும் இல்லை.

நாள் 4: சிகாகோ

காலையில் நகரின் தெற்கே, பழைய கால்நடைச் சந்தையின் நுழைவாயிலைப் பார்க்கப் போனேன். யூனியன் ஸ்டாக் யார்ட்ஸ். 1865-இல் திறந்து 1971-இல் மூடியது. நாட்டின் ரயில் பாதைகளெல்லாம் வந்து கூடிய இடம். இன்று மிச்சமிருப்பது சுண்ணாம்புக்கல் வாயில் ஒன்றுதான். நடு வளைவின்மேல் ஒரு காளையின் தலையைச் செதுக்கியிருக்கிறார்கள். பன்றிக்கு அங்கே ஒரு சிற்பம் இல்லை. சுற்றிலும் கிடங்குகள், லாரிகள். அரை மணி நேரம் நின்றேன், இன்னொரு பார்வையாளர் வரவில்லை.

இந்த நகரத்தில்தான் பன்றி வயிற்றை வைத்து ஊக வணிகம் நடந்தது. சிகாகோ மெர்க்கன்டைல் எக்ஸ்சேஞ்ச் 1961-இல் உறைந்த பன்றி வயிறுக்கான முன்பேர ஒப்பந்தத்தை, அதாவது பின்னாளில் தரப்போகும் சரக்குக்கு இன்றே விலை பேசிவைப்பதை, தொடங்கியது. பின்னாளில் ஒரு ஒப்பந்தம் என்றால் 40,000 பவுண்டு. இதற்கு ஒரு பருவ நியாயம் இருந்தது. அமெரிக்காவில் பேக்கன் அதிகம் விற்றது கோடையில். தக்காளி பழுக்கும் காலத்தில் பேக்கன், கீரை, தக்காளி வைத்த சான்ட்விச் வீட்டுக்கு வீடு செய்வார்கள். அதனால் குளிர்காலத்தில் வெட்டிய வயிறுகளைக் கிடங்கில் உறையவைத்துக் காத்திருப்பார்கள். காத்திருக்கும் மாதங்களில் விலை ஏறுமா இறங்குமா என்பதுதான் வணிகம்.

2011 ஜூலையில் அந்த ஒப்பந்தத்தை நிறுத்திவிட்டார்கள். காரணத்தைக் கேட்டால் இந்த மோகத்தின் கதை முழுவதும் அதில் இருக்கிறது. ஆண்டு முழுவதும் எல்லாரும் பேக்கன் தின்னத் தொடங்கிவிட்டார்கள். உறையவைத்துக் காத்திருக்க வேண்டிய தேவையே இல்லாமல் போய்விட்டது. நெல்லை அறுத்த மறுநாளே சந்தை வாங்கிக்கொண்டால் குதிருக்கு என்ன வேலை?

எப்படி வந்தது அந்த மாற்றம்? 1980களில் அமெரிக்கா கொழுப்பைக் கண்டு பயந்தது. பன்றி வளர்ப்போர் அமைப்பு 1987-இல் 'இன்னொரு வெள்ளை இறைச்சி' என்று விளம்பரம் செய்தது; கோழியைப் போலக் கொழுப்பில்லாதது என்று சொல்லித் தொடைப் பகுதியையும் முதுகுப் பகுதியையும் விற்றார்கள். ஆனால் வயிறு இல்லாமல் பன்றி பிறப்பதில்லை. விலைபோகாத வயிற்றை என்ன செய்வது? துரித உணவுக் கடைகளிடம் போனார்கள். கொழுப்பைக் குறைத்த பர்கர் கட்டை போல ருசியில்லாமல் இருந்தது. அதன்மேல் இரண்டு பட்டை பேக்கன் வைத்தால் உப்பும் புகையும் ஈரமும் திரும்பக் கிடைத்தன. 1990களில் இந்தச் சேர்க்கை பரவியது. 2007-இல் வென்டீஸ் 'பேக்கனேட்டர்' பர்கரைக் கொண்டுவந்தது. 2012 கோடையில் பர்கர் கிங் ஐஸ்கிரீமின்மேலேயே பேக்கன் பட்டையைச் செருகி விற்றது. அதாவது, மக்கள் திடீரென்று ஒருநாள் காதலில் விழவில்லை. தேங்கிக் கிடந்த ஒரு சரக்குக்கு வழி தேடினார்கள், வழி கிடைத்தது, பிறகு காதல் தானாக வந்தது.

முதல் முறையும் அப்படித்தான். 1920களில் பீச்-நட் என்ற நிறுவனம் பேக்கன் விற்பனையைக் கூட்ட வேண்டும் என்று எட்வர்ட் பெர்னேஸிடம் வந்தது. உளவியலாளர் ஃப்ராய்டின் தங்கை மகன் அவர். மக்கள் தொடர்புத் தொழிலின் தந்தைகளில் ஒருவர். அவர் பேக்கனைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசவில்லை. காலை உணவு லேசாக இருப்பது நல்லதா, கனமாக இருப்பது நல்லதா என்று ஒரு மருத்துவரைக் கொண்டு ஆயிரக்கணக்கான மருத்துவர்களுக்குக் கடிதம் எழுதவைத்தார். கனமாக இருப்பதே நல்லது என்று பெரும்பாலோர் பதில் போட்டார்கள். அதைப் பத்திரிகைகளில் செய்தியாக்கினார், பக்கத்திலேயே பேக்கனும் முட்டையும். இன்றைக்கு அதை 'அமெரிக்கக் காலை உணவு' என்று உணவகப் பட்டியல்களில் எழுதுகிறார்கள்.

நாள் 5: அயோவா

அண்ணன் சிகாகோவுக்கு வேறு வேலையாக வந்திருந்தார். திரும்பும்போது அவருடைய காரிலேயே டெ மாய்ன் நகருக்கு வந்துவிட்டேன். சித்தப்பா மகன், இங்கே வந்து பதினைந்து ஆண்டு ஆகிறது. ஐந்து மணி நேரம் ஒரே நெடுஞ்சாலை, இரு பக்கமும் மக்காச்சோளம். அறுவடைக் காலம். ராட்சத இயந்திரங்கள் தூசியைக் கிளப்பிக்கொண்டு வயலுக்குள் போய்க்கொண்டிருந்தன.

"பன்றி எங்கே அண்ணா?" என்று கேட்டேன். அயோவாவில் 2 கோடிக்கும் அதிகமான பன்றிகள். மனிதர்கள் சுமார் 32 லட்சம்தான். நாட்டின் பன்றிகளில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு இந்த ஒரு மாநிலத்தில். நான்கு மணி நேரமாக ஒரு பன்றியைக்கூட நான் பார்க்கவில்லை.

"அதோ" என்று கை நீட்டினார். வயலுக்கு நடுவே நீளமான, தாழ்ந்த, வெண்ணிறக் கொட்டகைகள். ஓரச் சுவரில் வட்ட வட்டமாக மின்விசிறிகள் சுழன்றன. பக்கத்தில் தீவனம் கொட்டி வைக்கும் கூம்பு. ஆள் நடமாட்டம் இல்லை. உள்ளே ஆயிரக்கணக்கில் இருக்கும் என்றார். கண்ணாடியை இறக்கினேன். முதலில் அமோனியா மூக்கைக் குத்தியது, பிறகு தொண்டைக்குள் இனிப்பாக ஒரு நாற்றம் இறங்கித் தங்கியது. அண்ணன் ஒன்றும் சொல்லாமல் கண்ணாடியை ஏற்றினார். சியாட்டில் கடையில் முகர்ந்த மணமும் இதுவும் ஒரே விலங்கைச் சேர்ந்தவை.

இந்த நகரில் 2008-இல் ஒரு சில நண்பர்கள் பேக்கனுக்கென்று ஒரு விழா தொடங்கினார்கள். புளூ ரிப்பன் பேக்கன் ஃபெஸ்டிவல். முதலில் சிறிய கூட்டம். சில ஆண்டுகளில் மாநிலக் கண்காட்சித் திடலுக்கு மாறி, பத்தாயிரத்துக்கும் மேல் ஆள் வந்தார்கள். டிக்கெட் சில நிமிடங்களில் தீர்ந்தது. ஐஸ்லாந்தின் ரெய்க்யாவிக் வரை அதன் கிளை போனது. இதே 2008 டிசம்பரில்தான் இங்கிருந்து தெற்கே மூன்று மணி நேரத் தொலைவில் உள்ள கன்சாஸ் சிட்டியில் ஜேசன் டே, ஆரன் க்ரோனிஸ்டர் என்ற இருவர் 'பேக்கன் எக்ஸ்ப்ளோஷன்' செய்முறையை வெளியிட்டார்கள். பேக்கன் பட்டைகளைப் பாய் முடைவதுபோல ஒன்றன்மேல் ஒன்றாகக் கோத்து, அதில் அரைத்த சாசேஜ் இறைச்சியைப் பரப்பி, நொறுக்கிய பேக்கனைத் தூவி, சுருட்டிப் புகையடுப்பில் வைப்பது. மொத்தம் நான்கு பவுண்டு இறைச்சி. பொருளாதாரம் சரிந்து வீடுகள் ஏலத்துக்கு வந்துகொண்டிருந்த குளிர்காலம் அது. அந்த நேரத்தில் மலிவான, கொழுத்த, கூட்டமாகச் சிரித்துச் சாப்பிடக்கூடிய ஒன்றை மக்கள் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. அதைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

குறை வேறு இடத்தில் இருக்கிறது. இரவு அண்ணி தண்ணீர் கொடுத்தபோது, "வடிகட்டியதுதான், பயப்படாமல் குடியுங்கள்" என்றார். ஏன் அப்படிச் சொன்னார் என்று கேட்டேன். இந்த நகருக்குக் குடிநீர் தருவது ரக்கூன் ஆறும் டெ மாய்ன் ஆறும். மேலே உள்ள வயல்களில் போடும் உரமும் பன்றிச் சாணமும் நைட்ரேட்டாக ஆற்றில் இறங்குகின்றன. அதைப் பிரித்தெடுக்கவே 1990களின் தொடக்கத்திலிருந்து ஒரு நிலையம் ஓடுகிறது. 2015-இல் நகரக் குடிநீர் வாரியம் மேல்பகுதி மாவட்டங்களின் வடிகால் அமைப்புகள்மேல் வழக்குப் போட்டது. 2017-இல் நீதிமன்றம் தள்ளுபடி செய்துவிட்டது. செலவு தண்ணீர் குடிப்பவர் தலையில். கைக்குழந்தை வைத்திருக்கும் வீடுகளில் நைட்ரேட் ஏறும் நாட்களில் அம்மாக்கள் பால்பொடி கலக்கும் தண்ணீரைப் பற்றி ஒருவருக்கொருவர் கேட்டுக்கொள்வார்களாம்.

வெட்டுக்கூடங்களில் யார் வேலை செய்கிறார்கள் என்றும் கேட்டேன். மெக்சிகோ, பர்மா, காங்கோ என்று எங்கிருந்தோ வந்து சேர்ந்தவர்கள். 2020 வசந்தத்தில் கொரோனா இந்தக் கூடங்களுக்குள்தான் காட்டுத்தீயாகப் பரவியது. தோளோடு தோள் உரச நின்று வெட்டுகிற வேலை. பேக்கன் பிளாஸ்திரி வரைந்தவர் கொழுப்புக்கோடு வரைக்கும் கவனித்தாரே, அந்தக் கவனத்தில் கொஞ்சமாவது இந்தக் கைகளுக்குக் கிடைக்க வேண்டாமா?

நாள் 6: டெ மாய்னிலிருந்து நாக்ஸ்வில்

காலையில் அண்ணன் வீட்டுப் பக்கத்து வீட்டுப் பாட்டி என்னைச் சமையலறைக்கு அழைத்துக் காட்டினார். எண்பதைத் தாண்டியவர். அடுப்பு ஓரம் ஒரு பழைய காபித் தகரம்; அதில் வடிகட்டிய பேக்கன் கொழுப்பு, உறைந்து தந்த நிறத்தில். முட்டை பொரிக்கவும், பீன்ஸ் தாளிக்கவும், இரும்புச் சட்டியைத் துருப்பிடிக்காமல் தடவி வைக்கவும் அதுதான். அவருடைய அம்மா போர்க்காலத்தில் இதே போன்ற தகரத்தைக் கசாப்புக் கடைக்குச் சுமந்துபோனதைச் சொன்னார்.

அது உண்மை வரலாறு. 1942-இல் அமெரிக்க அரசு வீட்டுக் கொழுப்பைச் சேகரிக்கத் தொடங்கியது. கொழுப்பிலிருந்து கிளிசரின், கிளிசரினிலிருந்து நைட்ரோகிளிசரின், அதிலிருந்து வெடிமருந்து. கசாப்புக் கடைக்காரர் பவுண்டுக்குச் சில சென்ட் கொடுத்து வாங்கினார். பின்னாளில் ரேஷன் புள்ளிகளும் கொடுத்தார்கள். டிஸ்னி நிறுவனம் ஒரு குறும்படமே எடுத்தது: மின்னி மவுஸ் பேக்கன் கொழுப்பை நாய் புளூட்டோவுக்கு ஊற்றப் போகும் நேரத்தில் வானொலி தடுக்கும். பேக்கனின் விசித்திரப் பயன்களில் இதைவிட விசித்திரமானது எதையும் நான் கேள்விப்படவில்லை. கடைகளில் விற்கும் எதற்கும் இந்தக் கனம் இல்லை.

விமானம் தாமதம். காத்திருந்த நேரத்தில் எழுதாமல் விட முடியாத ஒன்றையும் எழுதிவிடுகிறேன். 2015 அக்டோபரில் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை, பதப்படுத்திய இறைச்சியை மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் முதல் பிரிவில் சேர்த்தது. தினமும் 50 கிராம் சாப்பிட்டால் பெருங்குடல் புற்றுநோய் வாய்ப்பு சுமார் 18 விழுக்காடு கூடுகிறது. முதல் பிரிவு என்பது சான்றின் உறுதியைக் குறிக்கிறது. புகையிலைக்குச் சமமான ஆபத்து என்று அதற்குப் பொருள் இல்லை. ஆனாலும் இதை அன்றாடம் தின்னும் பண்டமாக நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். உப்புக்கண்டத்தையும் எங்கள் வீட்டில் அன்றாடம் தின்றதில்லை. மழைக்காலத்தில், கறி கிடைக்காத நாளில், நாலு துண்டு.

நாள் 7: மாடிசன்வில், டென்னசி

நாக்ஸ்வில்லிலிருந்து தெற்கே ஒரு மணி நேரம். 411-ஆம் நெடுஞ்சாலை ஓரத்தில் பென்டன்ஸ் ஸ்மோக்கி மவுண்டன் கன்ட்ரி ஹாம்ஸ். தாழ்ந்த, அலங்காரம் இல்லாத கட்டடம். காரின் கதவைத் திறந்ததுமே புகை வந்து முகத்தில் உட்கார்ந்தது. ஹிக்கரி மரப் புகை. பொங்கலுக்கு விறகடுப்பு மூட்டிய வீட்டு முற்றத்தில் நிற்பதுபோல இருந்தது.

1947-இல் ஆல்பர்ட் ஹிக்ஸ் என்ற பால்பண்ணைக்காரர் தொடங்கிய தொழில். 1973-இல் ஆலன் பென்டன் வாங்கினார். அதற்கு முன் அவர் பள்ளியில் மாணவர்களுக்கு வழிகாட்டும் ஆலோசகராக இருந்தவர். உப்பு, பழுப்புச் சர்க்கரை, நேரம், புகை. பெரிய ஆலைகளில் உப்புநீரை ஊசிகளால் இறைச்சிக்குள் செலுத்துவார்கள். வேலை மணிக்கணக்கில் முடிந்துவிடும், எடையும் கூடும். இங்கே கையால் தேய்த்து வாரக்கணக்கில் வைக்கிறார்கள், எடை குறைகிறது. எவ்வளவு நீர் போகிறதோ அவ்வளவு சுவை நெருங்குகிறது. பல ஆண்டுகள் ஆலைச் சரக்கின் விலையோடு மல்லுக்கட்டிய கடை இது.

2007-இல் நியூயார்க்கில் பிடிடி என்ற மதுக்கூடத்தில் டான் லீ என்பவர் இந்தக் கடையின் பேக்கன் கொழுப்பை உருக்கி போர்பன் விஸ்கியில் கலந்து, சில மணி நேரம் ஊறவைத்து, உறைபெட்டியில் வைத்து, மேலே கட்டியான கொழுப்பை எடுத்துவிட்டு வடிகட்டினார். கொழுப்பு போய்விடும், புகை மதுவில் தங்கிவிடும். நகரம் முழுக்க அதைப் பேசியது. சியாட்டில் முதல் நான் பார்த்து வந்த விசித்திரங்களில் இது ஒன்றுதான், பேக்கனை யார் செய்தார் என்று பெயர் சொன்னது. அந்த மதுவின் பெயரிலேயே பென்டன் இருக்கிறார்.

கடையின் உள்ளே கூட்டம் இருந்தது. பண்ணைச் சட்டைக்காரர்களும் வெளிமாநிலத்தவர்களும். உள்கதவு ஒன்று திறந்து மூடியபோது, மரச் சட்டங்களில் வரிசையாகத் தொங்கிய தொடைகளைப் பார்த்தேன். மேல்தோல் கருங்காலி நிறத்துக்கு வந்திருந்தது. பேக்கன் அடுக்கில் ஒரு பொட்டலத்தை எடுத்தேன். கடைப் பேக்கனைப் போல ஈரமாக மினுங்கவில்லை. சதை ஆழ்ந்த செந்நிறம். கொழுப்பின் ஓரம் தேன் நிறம். விரலால் அழுத்தினால் குழி விழவில்லை.

கல்லாவில் இருந்த அம்மா, "எங்கிருந்து வருகிறீர்கள்?" என்று கேட்டார். சிவகங்கைச் சீமையைப் பற்றி எங்கிருந்து தொடங்குவது? எங்கள் ஊரிலும் இறைச்சியை உப்பிட்டு வைப்போம், ஆனால் புகை காட்டுவதில்லை, வெயிலில் காயப்போடுவோம் என்று சொன்னேன். அவர் பொட்டலம் கட்டுவதை நிறுத்திவிட்டார். பின்னால் வரிசையில் நின்ற பெரியவரும் காதைக் கொடுத்தார்.

"மஞ்சள் போடுவீர்களா? ஈ வராதா? எத்தனை நாள் காய வேண்டும்?"

மஞ்சள் போடுவோம் என்று சொல்லிவிட்டேன். எத்தனை நாள் என்று எனக்குச் சரியாகத் தெரியவில்லை. ஊரில் இரவு ஏழரை மணி இருக்கும். ஓரமாக நின்று அம்மாவை அழைத்தேன்.

"உப்புக்கண்டத்துக்கா? இப்போது எதற்கு அது?" என்றார். சொன்னேன். அடுப்படியில் ஏதோ தாளிக்கும் சத்தம் கேட்டது. அதை அடக்கிவிட்டுச் சொன்னார்: "நாள் கணக்கு இல்லையடா. உன் அப்பத்தா நாலு வெயில் என்பார்கள். மேகம் போட்டால் அந்த நாளைச் சேர்க்கக் கூடாது."

கல்லாவுக்குத் திரும்பி, நாலு வெயில் என்று அவர்கள் மொழியில் சொன்னேன். அந்த அம்மா தலையசைத்துவிட்டு, ஒரு துண்டுத் தாளை எடுத்து அதை எழுதிக்கொண்டார்.